லெமன் டிராப் வீட்டில் கலக்க: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வோட்கா, எலுமிச்சைச் சாறு, ஆரஞ்சு மணம் கொண்ட டிரிப்பிள் செக் என்ற இனிப்பு மது, சர்க்கரை. லெமன் டிராப் என்ற மதுபானக் கலவைக்கு மொத்தம் நான்கே பொருள்கள். அப்படியிருந்தும் வீட்டில் கலக்கும்போது ஒரு நாள் பல் கூசுகிறது, ஒரு நாள் இருமல் மருந்து போல இனிக்கிறது, ஒரு நாள் காரணமே தெரியாமல் கசக்கிறது. என் அனுபவத்தில் தவறு பெரும்பாலும் எலுமிச்சையில்தான் இருக்கும். ஆனால் எல்லோரும் சந்தேகப்படுவது வோட்காவை. நண்பர்களும் உறவினர்களும் என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்டவற்றுக்கான பதில்கள் கீழே.

லெமன் டிராப் எங்கே பிறந்தது?

சான்பிரான்சிஸ்கோவில், 1970-களில். நார்மன் ஜே ஹாப்டே என்பவர் அங்கே ‘ஹென்றி ஆப்பிரிக்காஸ்’ என்ற மதுக்கூடத்தை நடத்தினார். இருட்டும் புகையுமாக ஆண்கள் மட்டும் உட்கார்ந்திருக்கும் பழைய மதுக்கூடங்களைப் போல இல்லாமல், பெரணிச் செடிகளைத் தொங்கவிட்டு, வண்ணக் கண்ணாடி விளக்குகள் மாட்டி, பெண்களும் தயங்காமல் வந்து உட்காரும் இடமாக அதை அமைத்தார். இந்தப் பானத்தை உருவாக்கியவர் என்று அவரைத்தான் சொல்கிறார்கள். மேலே சர்க்கரை தூவிய மஞ்சள் நிற எலுமிச்சை மிட்டாய் அமெரிக்கப் பெட்டிக்கடைகளில் நெடுங்காலமாக விற்கிறது. அதன் பெயர்தான் பானத்துக்கும் வந்தது. நம் ஊர் ஆரஞ்சு சுளை மிட்டாயை வாயில் போட்டதும் முதலில் சர்க்கரை, பிறகு புளிப்பு என்று வருமே, அதே வரிசைதான் இங்கேயும்.

இதன் அடிப்படைக் கலவை புதிதல்ல. பிராந்தி, ஆரஞ்சு மது, எலுமிச்சை மூன்றும் சேர்ந்த ‘சைட்கார்’ 1920-களிலேயே இருந்தது. அதில் பிராந்தியை எடுத்துவிட்டு வோட்காவை ஊற்றினால் ஏறக்குறைய லெமன் டிராப்.

ஒரு கோப்பைக்கு அளவு என்ன?

வோட்கா 60 மி.லி., டிரிப்பிள் செக் 20 மி.லி., அப்போதே பிழிந்த எலுமிச்சைச் சாறு 30 மி.லி., சர்க்கரைப் பாகு 15 மி.லி. ஐஸோடு குலுக்கி, வடிகட்டி, விளிம்பில் சர்க்கரை ஒட்டிய குளிர்ந்த கோப்பையில் ஊற்ற வேண்டும். கோப்பைக்குள் ஐஸ் கிடையாது.

அளவுக் குவளை இல்லையென்றால் இருமல் மருந்துப் புட்டியோடு வரும் மூடியை நன்றாகக் கழுவிப் பயன்படுத்துங்கள். அதில் மி.லி. கோடுகள் இருக்கும். கண் மதிப்பில் ஊற்றாதீர்கள். குழம்பில் புளி கூடிவிட்டால் கொஞ்சம் வெல்லம் போட்டுச் சமாளிக்கலாம். இங்கே 10 மி.லி. சாறு கூடினாலும் பானம் வேறாகிவிடும்.

நம் ஊர் எலுமிச்சை சரிப்படுமா?

எல்லாக் குழப்பமும் இந்தக் கேள்வியில்தான் இருக்கிறது. அமெரிக்கச் செய்முறைகளில் ‘லெமன்’ என்று எழுதியிருப்பது தடித்த தோலும் இரு முனையிலும் லேசான கூர்மையும் கொண்ட பெரிய மஞ்சள் பழம். தமிழ்நாட்டுச் சந்தையில் நாம் எலுமிச்சை என்று வாங்குவதும், இலங்கையில் தேசிக்காய் என்று கேட்டு வாங்குவதும் உருண்டையான, மெல்லிய தோல் கொண்ட சிறு பழம். தாவரவியல்படி இது ‘லைம்’ வகை. பழுத்தால் மஞ்சளாகிவிடுவதால் நாம் இதையே லெமன் என்று மொழிபெயர்த்துப் பழகிவிட்டோம்.

இரண்டிலும் சிட்ரிக் அமிலம் ஏறக்குறைய ஒரே அளவுதான். நாக்கில் படும்போதுதான் வேறுபாடு தெரியும். லெமனின் புளிப்பு வட்டமானது, சற்றுப் பூ மணத்தோடு வரும். நம் எலுமிச்சை கூர்மையாகக் குத்தும், பின்னால் இலேசான கசப்பு தங்கும். எனவே இதைப் பயன்படுத்தினால் சாற்றை 25 மி.லி.யாகக் குறைத்து, பாகை 20 மி.லி.யாகக் கூட்டுங்கள்.

இன்னொரு வேடிக்கை: வோட்கா, டிரிப்பிள் செக், லைம் சாறு மூன்றும் சேர்ந்தால் அதற்கு ஏற்கெனவே ‘காமிகாஸி’ என்று தனிப்பெயர் உண்டு. புளியங்குடி எலுமிச்சையைப் பிழிந்து லெமன் டிராப் என்று பரிமாறினால், பெயரளவில் நீங்கள் கொடுத்தது இனிப்புக் கூடிய காமிகாஸி. குடிப்பவர்கள் யாரும் வழக்குப் போடப்போவதில்லை. ஆனால் மதுக்கூடத்தில் குடித்ததுபோல் ஏன் இல்லை என்ற கேள்விக்குப் பாதி விடை இதுதான்.

பெரிய நகரங்களின் பழக்கடைகளில் இறக்குமதியான மஞ்சள் லெமன் கிடைக்கிறது. தோலில் மெழுகு பூசியிருப்பார்கள். வெந்நீரில் நனைத்து, தேய்த்துக் கழுவிவிட்டே தோலைச் சீவ வேண்டும். கலிபோர்னியாவில் இருப்பவர்களுக்கு ‘மேயர் லெமன்’ என்றொரு பழமும் தட்டுப்படும். ஃபிராங்க் மேயர் என்பவர் 1908-ல் சீனாவிலிருந்து கொண்டுவந்தது. மணம் அபாரம், புளிப்பு குறைவு. அதைப் பிழிந்தால் பாகை 5 மி.லி.யாகக் குறைத்துக்கொள்ளுங்கள்.

புட்டியில் விற்கும் சாறு போதாதா?

போதாது. புளிப்பு இருக்கும், மணம் இருக்காது.

எத்தனை எலுமிச்சை வாங்க வேண்டும்?

பெரிய லெமன் ஒன்றில் ஏறத்தாழ 45 மி.லி. வரும். நம் எலுமிச்சையில் ஒன்றுக்கு 10 முதல் 20 மி.லி. வரை, காயைப் பொறுத்து. குளிர்சாதனப் பெட்டியிலிருந்து எடுத்ததும் பிழியாதீர்கள். அரை மணி நேரம் வெளியே வைத்து, மேடைமீது உள்ளங்கையால் அழுத்தி உருட்டிவிட்டு வெட்டினால் சாறு தாராளமாக இறங்கும். தோல் வேண்டுமென்றால் பிழிவதற்கு முன்பே சீவிக்கொள்ளுங்கள். பிழிந்து தொளதொளத்த மூடியில் சீவியை ஓட்டினால் விரல்தான் சீவப்படும்.

விலையுயர்ந்த வோட்காதான் வாங்க வேண்டுமா?

வேண்டாம். வோட்கா என்பதே மணமும் சுவையும் முடிந்தவரை நீக்கப்பட்ட மது. எலுமிச்சையும் சர்க்கரையும் அதன்மேல் ஏறி உட்கார்ந்த பிறகு, நடுத்தர விலைப் புட்டிக்கும் அதன் மூன்று மடங்கு விலைப் புட்டிக்கும் உள்ள வேறுபாட்டைக் கண்ணைக் கட்டிக்கொண்டு சொல்லிவிட முடியாது. நான் முயன்று தோற்றிருக்கிறேன். மிச்சமாகும் பணத்தை நல்ல பழத்துக்கும் நல்ல டிரிப்பிள் செக்குக்கும் செலவழியுங்கள். புட்டியைத் திறந்ததும் மூக்கில் ஸ்பிரிட் நெடி ஏறும் மட்டரக வோட்காவை மட்டும் தவிர்த்துவிடுங்கள்.

புட்டிமேல் உள்ள ஆல்கஹால் சதவீதத்தைப் பாருங்கள். இந்தியாவில் தயாராகும் வோட்கா பெரும்பாலும் 42.8 சதவீதம். வெளிநாட்டுப் புட்டிகள் 40. ஐரோப்பாவில் 37.5 வரை இறங்கலாம்.

‘சிட்ரான்’ என்று எழுதிய வோட்கா நார்த்தங்காயில் செய்ததா?

இல்லை. நார்த்தை வகைப் பழத்தை ஆங்கிலத்தில் சிட்ரான் என்பார்கள் என்பதால் வரும் மயக்கம் இது. அப்சொலூட் நிறுவனம் 1988-ல் கொண்டுவந்த ‘அப்சொலூட் சிட்ரான்’ சுவீடன் நாட்டுச் சரக்கு. சுவீடிஷ் மொழியில் அந்தச் சொல்லுக்கு லெமன் என்றே பொருள். அதே 1988 வாக்கில் நியூயார்க்கின் ‘தி ஓடியன்’ உணவகத்தில் மது கலக்கிய டோபி செச்சினி இந்த வோட்காவை வைத்துத்தான் இன்று நாம் அறிந்த ‘காஸ்மோபாலிட்டன்’ என்ற பானத்தைக் கலக்கினார். லெமன் டிராப்புக்கும் இது பொருந்தும். ஆனால் அதே மணத்தை வீட்டிலேயே ஏற்றலாம் என்பதால் நான் வாங்குவதில்லை.

வீட்டிலேயே வோட்காவில் எலுமிச்சை மணம் ஏற்றுவது எப்படி?

பழத்தின் மணம் சாற்றில் இல்லை, தோலில் இருக்கிறது. மஞ்சள் தோலை விளக்கு வெளிச்சத்தில் சாய்த்துப் பாருங்கள். ஊசி முனையளவு புள்ளிகள் நிறைந்திருக்கும். ஒவ்வொன்றும் ஓர் எண்ணெய்ப் பை. ஒரு துண்டுத் தோலை வெளிப்புறமாக மடித்து, எரியும் தீக்குச்சிக்கு அருகே நசுக்கினால் எண்ணெய் தெறித்துப் பொறி பறக்கும். அந்த எண்ணெயில் பெரும்பகுதி லிமோனின் என்ற பொருள். அது தண்ணீரில் கரையாது, ஆல்கஹாலில் நன்றாகக் கரையும். ஆகவே வோட்காவில் தோலை ஊறவைத்தால் வேலை தானே நடக்கிறது.

750 மி.லி. வோட்காவுக்கு நான்கு பெரிய லெமன்களின் தோல். உருளைக்கிழங்கு சீவும் சீவியால் மேல் மஞ்சளை மட்டும் பட்டையாக எடுங்கள். அடியில் உள்ள வெண்பகுதி கூடவே வந்தால் கத்தியால் வழித்து எறிந்துவிடுங்கள். பானம் கசக்கிறது என்று வரும் புகார்களுக்கு முதல் காரணம் அந்த வெள்ளைதான். கண்ணாடிப் புட்டியில் போட்டு மூடி, வெயில் படாத அலமாரியில் வையுங்கள். இரண்டாம் நாளிலிருந்து தினமும் ஒரு சொட்டு நாக்கில் வைத்துப் பாருங்கள். மூன்று நாள் போதும். வோட்கா வைக்கோல் நிறத்துக்கு மாறியிருக்கும், தோல் வெளுத்துத் தாள் போல விறைத்திருக்கும். வடிகட்டிவிடுங்கள். ஊறுகாய்க் கணக்கில் வாரக்கணக்காக ஊறவிட்டால் கசப்பும் இறங்கிவிடும்.

ஐஸும் சாறும் சேரும்போது பானம் லேசாகப் பால் போல மங்கினால் பயப்பட வேண்டாம். ஆல்கஹால் நீர்த்ததும் கரைந்திருந்த எண்ணெய் நுண்துளிகளாகப் பிரிவதால் வருவது அது. நன்றாக ஊறியதற்கு அடையாளம்.

ஒன்றை அழுத்திச் சொல்லிவிடுகிறேன். கடையில் முத்திரையோடு வாங்கிய வோட்காவில் தோலை ஊறவைப்பது வேறு, வீட்டில் காய்ச்சி வடிப்பது வேறு. இரண்டாவது இந்தியாவில் குற்றம். மெத்தனால் கலந்த சாராயம் கண்ணையும் உயிரையும் பறித்த செய்திகள் நமக்குப் புதிதல்ல.

டிரிப்பிள் செக் கிடைக்கவில்லை. என்ன செய்வது?

டிரிப்பிள் செக் என்பது ஆரஞ்சுத் தோல் மணமூட்டிய இனிப்பு மது. அந்த வகையில் பேர்பெற்ற குவாந்த்ரோ பிரான்சின் ஆன்ஜே நகரத்தில் 1875-லிருந்து தயாராகிறது. 40 சதவீதம் ஆல்கஹால், இனிப்பும் கசப்பும் சமநிலையில் இருக்கும். மலிவு வகைகள் சிலவற்றில் ஆல்கஹால் 15 சதவீதம்தான். அவை வெறும் ஆரஞ்சுப் பாகு போல இனிக்கும். அவற்றை ஊற்றினால் சர்க்கரைப் பாகைப் பாதியாக்குங்கள்.

எதுவுமே இல்லையென்றால் இரண்டு கமலா ஆரஞ்சின் தோலைப் பட்டையாகச் சீவி, 100 கிராம் சர்க்கரையோடு கையால் பிசைந்து மூடி வையுங்கள். நான்கைந்து மணி நேரத்தில் சர்க்கரை எண்ணெயை உறிஞ்சி ஈரமாகி மினுமினுக்கும். அதில் 100 மி.லி. வெந்நீர் ஊற்றிக் கலக்கி வடித்தால் சமையலறை முழுக்க மணக்கும் ஆரஞ்சுப் பாகு தயார். டிரிப்பிள் செக், சாதாரணப் பாகு இரண்டுக்கும் பதிலாக இதில் 25 மி.லி. போதும். ஐரோப்பாவில் பழைய பஞ்ச் பானங்களுக்குச் செய்துவந்த முறை இது. எனக்கு என்னவோ மலிவு டிரிப்பிள் செக்கைவிட இதுவே பிடித்திருக்கிறது.

பாகுக்கு எத்தனை கம்பிப் பதம்?

பதமே வேண்டாம்! அதிரசத்துக்கும் குலாப் ஜாமூனுக்கும் பாகு வைத்துப் பழகியவர்கள் கை தன்னிச்சையாக அடுப்பைக் கூட்டிவிடும். சர்க்கரையும் தண்ணீரும் எடையில் சமமாக எடுத்து, சூடாக்கி, சர்க்கரை கரைந்ததும் இறக்குங்கள். கம்பிப் பதம் வந்த பாகு ஐஸ் பட்டதும் அடியில் கெட்டியாகத் தங்கும், மேலே புளிக்கும், கீழே இனிக்கும். சுத்தமான புட்டியில் குளிர்சாதனப் பெட்டியில் வைத்தால் இரண்டு மூன்று வாரம் தாங்கும்.

ஷேக்கர் இல்லாமல் எப்படிக் குலுக்குவது? எவ்வளவு நேரம்?

இறுக்கமான மூடியுள்ள அரை லிட்டர் ஊறுகாய்ப் புட்டி, அல்லது ஒழுகாத எவர்சில்வர் தண்ணீர்க் குப்பி போதும். ஊறுகாய் வாசனை போயிருக்க வேண்டும் என்பதைச் சொல்லத் தேவையில்லை. முக்கால்வாசி ஐஸ் நிரப்பி, எல்லாவற்றையும் ஊற்றி, மூடியைத் திருகி, தோளுக்கு மேலே தூக்கிப் பலமாகக் குலுக்குங்கள். 12 முதல் 15 விநாடி. முதலில் ஐஸ் கடகடவென்று கனமாக ஒலிக்கும். பிறகு சத்தம் மெலிந்து சலசலப்பாகும். எவர்சில்வர் குப்பியாக இருந்தால் வெளிப்புறம் பனி படர்ந்து விரல் ஒட்டும். அப்போது நிறுத்துங்கள். ஆல்கஹால் இருப்பதால் உள்ளே இருக்கும் பானம் பூஜ்யம் டிகிரிக்கும் கீழே போயிருக்கும்.

குலுக்கும்போது உருகிச் சேரும் தண்ணீரைக் குறையாக நினைக்க வேண்டாம். பானத்தில் கால்வாசி அளவு தண்ணீர் சேர்ந்தால்தான் ஆல்கஹாலின் எரிச்சல் அடங்கி எலுமிச்சை மேலே வரும். தண்ணீராகிவிடுமோ என்று பயந்து இரண்டு குலுக்கில் நிறுத்துபவர்கள் பானம்தான் தொண்டையை எரிக்கிறது. டீ வடிகட்டியில் வடித்தால் ஐஸ் சில்லும் நாரும் தங்கிவிடும்.

சோடா சேர்ப்பதானால் குலுக்கிய பிறகு கோப்பையில் சேருங்கள். ஒருமுறை அவசரத்தில் சோடாவையும் சேர்த்துக் குலுக்கினேன். மூடி கழன்று, கூரை மின்விசிறியில் பாகு ஒட்டி, மறுநாள் எறும்புகள் வரிசை கட்டி மேலே ஏறின.

செம்புச் சொம்பில் கலக்கினால் அழகாக இருக்குமே?

அழகுதான், ஆனால் கூடாது. புளி போட்டுத் தேய்த்தால் செம்பு ஏன் பளபளக்கிறது? புளிப்பு மேல்படலத்தைக் கரைத்து எடுக்கிறது. எலுமிச்சைச் சாறும் அதையேதான் செய்யும், கரைந்த செம்பு பானத்தில் சேரும். அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகத்தின் மாதிரி விதிகள் பி.எச். (புளிப்பின் அளவு; எண் குறையக் குறையப் புளிப்பு கூடும்) 6-க்குக் கீழான உணவு எதுவும் செம்பில் படக்கூடாது என்கின்றன. எலுமிச்சைச் சாறு 2-க்கும் 3-க்கும் இடையில். நம் பாட்டிமார் பித்தளைப் பாத்திரத்துக்கு ஈயம் பூசாமல் புளிக்குழம்பு வைக்கமாட்டார்கள், நினைவிருக்கிறதா? மாஸ்கோ மியூல் என்ற வோட்கா பானத்தைப் பரிமாறும் செம்புக் குவளைகளிலும் நல்லவற்றுக்கு உள்ளே வேறு உலோகப் பூச்சு இருக்கும்.

விளிம்பில் சர்க்கரை உதிராமல் நிற்க?

எலுமிச்சைத் துண்டால் கோப்பையின் வெளி விளிம்பை மட்டும் ஈரமாக்கி, தட்டில் பரப்பிய சர்க்கரையில் சாய்த்து உருட்டுங்கள். உள்பக்கம் ஒட்டினால் பானத்தில் விழுந்து இனிப்பு ஏறிவிடும். கடைச் சர்க்கரை பருமனாக இருந்தால் மிக்ஸியில் ஒரே ஒரு சுற்று. மாவாக்கிவிட்டால் ஈரத்தில் களியாகும். ஒட்டிய பின் பத்து நிமிடம் காயவிட்டால் உறுதியாக நிற்கும். நான் பாதி வட்டத்துக்கு மட்டுமே வைப்பேன். இனிப்பு வேண்டாதவர் மறுபக்கம் குடிக்கட்டும்.

எட்டுப் பேருக்கு முன்கூட்டியே கலக்கி வைக்கலாமா?

வோட்கா 480, டிரிப்பிள் செக் 160, பாகு 120 மி.லி. எடுத்து, ஐஸ் தரவேண்டிய நீருக்குப் பதிலாக 250 மி.லி. குடிநீரும் சேர்த்து முந்தைய நாளே குளிர்சாதனப் பெட்டியில் வைக்கலாம். எலுமிச்சைச் சாறு 240 மி.லி.யை மட்டும் விருந்தன்று பிழிந்து சேருங்கள். சாறு சில மணி நேரத்திலேயே வாடத் தொடங்கிவிடும். கலந்த பிறகு ஒரு மணி நேரம் உறைபெட்டியில் வைத்துக் கோப்பையில் நேரே ஊற்றலாம்.

இதில் எவ்வளவு ஆல்கஹால் இருக்கிறது?

சுவையை நம்பி ஏமாறக்கூடாத இடம் இது. 60 மி.லி. வோட்காவும் 20 மி.லி. குவாந்த்ரோவும் சேர்ந்தால் சுத்த ஆல்கஹால் 25 கிராம். அமெரிக்கக் கணக்கில் ஒரு பானம் என்பது 14 கிராம். அதாவது கையில் இருக்கும் ஒரு சிறு கோப்பை ஏறக்குறைய இரண்டு பானங்களுக்குச் சமம். எலுமிச்சை ஜூஸ் போல இறங்குவதால் பத்து நிமிடத்தில் இரண்டாவது கேட்பார்கள். நான் ஒன்றோடு நிறுத்தி, நடுவில் ஏதாவது சாப்பிடக் கொடுப்பேன்.

தமிழ்நாட்டிலும் அமெரிக்காவிலும் 21 வயது நிறைந்தவர்களுக்கே மது. இந்தியாவில் வண்டி ஓட்டுபவரின் 100 மி.லி. ரத்தத்தில் 30 மி.கி.க்கு மேல் ஆல்கஹால் இருந்தால் குற்றம். ஒரு கோப்பையே பலரை அந்த எல்லையைத் தாண்டவைத்துவிடும். எனவே வந்தவர்கள் எப்படித் திரும்பப் போகிறார்கள் என்பதைக் கலக்குவதற்கு முன்பே கேட்டுவிடுங்கள். கர்ப்பிணிகள், தூக்க மாத்திரையோ மெட்ரோனிடசோல் என்ற கிருமிக்கொல்லி மருந்தோ எடுப்பவர்கள், கல்லீரல் நோய் உள்ளவர்கள் தொடவே கூடாது.

மொட்டை மாடி விருந்தில் எலுமிச்சை பிழிந்த மறுநாள் கையில் கொப்புளம். ஒவ்வாமையா?

ஒவ்வாமையாக இருக்க வேண்டியதில்லை. எலுமிச்சைத் தோலில் ஃபியூரனோகூமரின் என்ற பொருள்கள் உண்டு. அவை கையில் பட்டிருக்கும்போது வெயில் அடித்தால் தீக்காயம் போலவே சிவந்து கொப்புளிக்கும். ஒரு நாள் கழித்துத்தான் தெரியும் என்பதால் காரணம் புரியாமல் தவிப்பார்கள். பழுப்புத் தழும்பு வாரக்கணக்கில் தங்கும். நம் எலுமிச்சை இருக்கும் லைம் வகையில் இது அதிகம். நிழலில் பிழியுங்கள், பிழிந்ததும் சோப்புப் போட்டுக் கைகழுவுங்கள். கொப்புளம் பெரிதாக இருந்தால் மருத்துவரிடம் காட்டிவிடுங்கள்.

குடிக்காதவர்களுக்கு என்ன கொடுக்கலாம்?

மேலே சொன்ன ஆரஞ்சுத் தோல் பாகு 25 மி.லி., எலுமிச்சைச் சாறு 25 மி.லி., குளிர்ந்த நீர் 60 மி.லி., ஒரு சிட்டிகை உப்பு. அதே ஐஸ், அதே குலுக்கல், அதே சர்க்கரை விளிம்புக் கோப்பை. சென்ற முறை என் வீட்டில் முதலில் தீர்ந்தது இந்தக் குடுவைதான். கலக்கியவன் நான் என்பதால் வோட்கா குடுவைக்காக வருத்தப்பட்டேன்.